நாடகங்களைக் காதில் அள்ளிப் போன மெல்ச்சோர்

மெல்ச்சோர் மெழுகுவத்தி செய்கிறவர். எங்கள் தொலேதோ நகரத்தில் ஆற்றுக்கு இறங்கும் சந்தில் அவருடைய பட்டறை இருந்தது. திரிகளை வரிசையாகக் கம்பில் கட்டி, உருகிய மெழுகில் முக்கி எடுத்து, ஆறவிட்டு, மறுபடி முக்குவார். ஒரு வத்தி தேற முப்பது முக்கலாவது வேண்டும். அந்த முப்பது முக்கலுக்கும் அவர் உதடு அசைந்துகொண்டே இருக்கும். சந்தில் போகிறவர்கள் அவர் ஜெபமாலை சொல்கிறார் என்று நினைத்துத் தொப்பியைக் கழற்றிவிட்டுப் போவார்கள். ஜெபமெல்லாம் இல்லை. அந்த நேரம் அவருக்குள்ளே ஒரு ராணி கப்பல் ஏறிக்கொண்டிருப்பாள். இல்லாவிட்டால் அண்ணனும் தம்பியும் ஒரே பெண்ணின் ஜன்னலுக்குக் கீழே வாளை உருவிக்கொண்டு நிற்பார்கள்.

அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. எனக்காவது கன்னியர் மடத்தில் நாலு வருஷம் எழுத்துச் சொல்லிக்கொடுத்தார்கள். அவருக்கு அதுவும் கிடையாது. ஆனாலும் கர்த்தர் அவருக்கு ஒரு காது கொடுத்திருந்தார். எந்த நாடகமானாலும் மூன்று நாள் கேட்டால் போதும், நாலாம் நாள் முதல் வரியிலிருந்து கடைசி வரிவரை சொல்லிவிடுவார். முதல் நாள் கதை உள்ளே போகும், இரண்டாம் நாள் வார்த்தைகள் வந்து கதையின்மேல் படியும், மூன்றாம் நாள் எல்லாம் இறுகிவிடும் என்று என்னிடம் ஒருமுறை சொன்னார். மூன்றில் ஒன்று குறைந்தால் அங்கங்கே ஓட்டை விழும். அந்த ஓட்டைகளைத் தன் சொந்த வார்த்தையால் அடைத்துக்கொள்வார்.

கிராமம் கிராமமாக அலையும் சின்னக் கூத்துக் குழுக்கள் உண்டு. நாலு ஆள், ஒரு கழுதை, ஒரு ஒட்டுத்தாடி, அவ்வளவுதான் அவர்கள் சொத்து. அவர்கள் மெல்ச்சோரைத் தேடி வருவார்கள். அவர் சொல்லச் சொல்ல ஒருவன் எழுதிக்கொள்வான். போகும்போது ஒரு கோழியோ பாலாடைக்கட்டியோ வைத்துவிட்டுப் போவார்கள். கவிஞர் ராப்பகலாக உட்கார்ந்து எழுதிய நாடகம் இப்படிக் காதுவழியாக நழுவி, மலைக்கு அந்தப்பக்கத்து ஊர்களில் கோணல்மாணலாக ஆடிக்கொண்டிருக்கும். இது திருட்டா என்று மெல்ச்சோர் பாவசங்கீர்த்தனத்தில் கேட்டாராம். திருட்டுதான் என்று சாமியார் சொன்னாராம். அன்றோடு விற்பதை நிறுத்திவிட்டார். கேட்பதை மட்டும் அவரால் நிறுத்த முடியவில்லை.

நான் பிரிகிதா. மருத்துவமனையில் பெண்கள் பகுதியைப் பார்த்துக்கொள்கிறவள். எங்கள் ஊரில் நாடக முற்றம் மருத்துவமனையை நடத்தும் பக்த சபைக்குச் சொந்தம். மேடையில் ராஜா செத்தால்தான் இங்கே நோயாளிக்குக் கஞ்சி. அதனால் நாடகம் நடக்கும் பிற்பகல்களில், பெண்கள் மாடத்து வாசலில் சபையின் உண்டியலோடு நான் நிற்பேன். அந்த மாடத்துக்குச் சட்டி என்று பெயர். அத்தனை பெண்களும் உள்ளே ஒன்றாக வேகுவதால் அந்தப் பெயர். எங்களை நெருக்கி உட்காரவைக்கவே சபை ஒரு ஆளைச் சம்பளத்துக்கு வைத்திருந்தது. "தள்ளிக்கங்கம்மா, பாவாடையை மடியில எடுத்துக்கங்க. மோட்சத்துல இதைவிட நெருக்கம், இப்பவே பழகிக்கங்க" என்று சொல்லிக்கொண்டே முழங்காலால் தள்ளுவார்.

முற்றத்துக்குக் கூரை கிடையாது. ஒரு துணிப்பந்தல் மட்டும். நட்டநடு வெயிலில் நடிகர் மேடைக்கு வந்து கையை நீட்டித் துழாவிக்கொண்டே "என்ன இருட்டு இது" என்பார். உடனே எங்கள் எல்லோருக்கும் இருட்டிவிடும். பக்கத்தில் இருக்கிறவள் கையை நான் தேடிப் பிடித்திருக்கிறேன். "இதோ கடல்" என்பார். காலடியில் ஈரம் தெரியும். அந்த இரண்டு மூன்று மணி நேரம் நாங்கள் தொலேதோவில் இருக்கமாட்டோம். பொழுது சாய்வதற்குள் முடித்து அனுப்பிவிடுவார்கள். வெளியே வந்தால் அதே கழுதை, அதே சேறு. கொஞ்ச நேரம் எதுவும் நிஜமாகத் தோன்றாது.

மெல்ச்சோர் பிழைத்திருந்ததே இதற்காகத்தான். மனைவி போய் வருஷங்கள் ஆகியிருந்தன, பிள்ளை இல்லை. வாரத்தில் நான்கு பிற்பகல் அந்த முற்றத்தில் நிற்க விட்டால் அவருக்கு வேறெதுவும் வேண்டாம். ஆனால் நடிகர்களுக்கு அவர் முகம் பழகிவிட்டது. அவர் விற்பதை விட்டுவிட்டார் என்பதை யாரும் நம்பவில்லை. அவரைக் கண்டால் பாதியில் வசனத்தை நிறுத்திவிட்டு, "அந்த மெழுகுக்காரன் வெளியே போனாத்தான் நான் வாயைத் திறப்பேன்" என்று கைகட்டி நிற்பார்கள். முற்றத்தில் நிற்கும் ஆண்கள் அவரைத் தோளோடு தூக்கித் தெருவில் விட்டுவிடுவார்கள்.

அந்த வருஷம் இலையுதிர்காலத்தில் ஹெரோனிமோ சாமியின் புது நாடகம் வந்தது. அவர் குருவானவர். காலையில் பூசை வைப்பார், மத்தியானம் நாடகம் எழுதுவார். இருநூறுக்குமேல் எழுதியிருப்பார் என்று பேச்சு. இந்த நாடகம் ஒரு ஓடக்காரனின் விதவையைப் பற்றியது. அவள் மகனைக் கடற்கொள்ளையர் பிடித்து கடலுக்கு அக்கரையில் அல்ஜீரில் அடிமையாக விற்றுவிட்டார்கள். பத்து வருஷம் கழித்து அவனைத் தேடி இவள் கடல் கடந்து போகிறாள். அவனுக்கோ அம்மாவின் முகம் மறந்துபோயிருக்கிறது.

முதல் நாள், சட்டியில் ஒரு உயரமான பெண் கறுப்பு முக்காட்டோடு வந்து உட்கார்ந்தாள். உண்டியலில் போட்ட கையைப் பார்த்தேன். விரல் நுனியெல்லாம் மெழுகு சுட்ட தழும்பு. ஆண்கள் சட்டிக்குள் வந்தால் சிறை. சொல்லியிருக்கவேண்டும், சொல்லவில்லை. தேவமாதா மன்னிக்கட்டும், அந்தக் கைகள் செய்த வத்திகளின் வெளிச்சத்தில்தான் என் நோயாளிகள் கண்மூடுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன். நெருக்குகிறவர் அவரையும் முழங்காலால் நெருக்கி, "பாட்டி, உனக்கு ரெண்டு பேரு இடம் வேணும்போலயே" என்றார். இரண்டாம் நாளும் இப்படியே போயிற்று.

மூன்றாம் நாள் மாட்டிக்கொண்டார். அவரைப் போன்றவர் மட்டுமே செய்யக்கூடிய தவறு அது. இரண்டாம் அங்கத்தின் கடைசியில் விதவையின் வேலைக்காரன் குரங்குச் சேட்டை செய்கிறான், முற்றமே உருண்டு சிரிக்கிறது. விதவை அந்தப்பக்கம் பேசாமல் ரொட்டி மூட்டையை அவிழ்த்துக்கொண்டிருக்கிறாள். இன்னும் நாலு வரி தாண்டித்தான் அவள் திரும்பி, "முகம் மறந்தால் மறக்கட்டும், என் கையால் தின்ற பசி மறக்குமா?" என்று கேட்பாள். சட்டி முழுக்க அழுவதற்கு அதுதான் இடம். மெல்ச்சோருக்குள் அந்த வரி முன்னாலேயே வந்துவிட்டது. அத்தனை சிரிப்புக்கு நடுவில், அடித்தொண்டையில், ஒரு ஆணின் குரலில் விம்மிவிட்டார்.

"யாருடி அது, எருமைக்கன்னாட்டம்?" என்று பக்கத்தில் இருந்தவள் முக்காட்டை இழுத்தாள்.

பிறகு நடந்ததைச் சொல்லவேண்டுமா? பெண்கள் சாவிக்கொத்தை எடுத்துச் சாவித் துளையில் வாய்வைத்து விசில் ஊதினார்கள், ஆரஞ்சுத் தோல் பறந்தது. சிறைக்கு அனுப்பாமல் விட்டதே ஹெரோனிமோ சாமி கேட்டுக்கொண்டதால்தான். ஆனால் சபையின் பொறுப்பாளர் தோன் லெயாந்த்ரோ, இனி அந்த முற்றத்து வாசலை மெல்ச்சோர் மிதிக்கக்கூடாது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

இரண்டு வருஷம். முற்றத்துக்குப் பின்னால், குதிரை லாயத்துச் சுவரோரம் அவர் வந்து நிற்பதைப் பார்த்திருக்கிறேன். அங்கே வார்த்தை கேட்காது. சிரிப்பு கேட்கும், கைதட்டல் கேட்கும், சமயத்தில் பாட்டு. சிரிப்பைக் கேட்டு, அதற்கு முன்னால் என்ன சொல்லியிருப்பார்கள் என்று அவராக ஏதோ யோசித்துக்கொண்டிருப்பார். ஆள் இளைத்துக்கொண்டே வந்தார். மருத்துவமனைக்கு வத்தி கொண்டுவரும்போது முகத்தைப் பார்த்தால், நெடுநாள் கப்பலில் இருந்துவிட்டு எந்த ஊரிலும் இறங்காதவர் மாதிரி இருப்பார்.

மூன்றாம் வருஷம் தவக்காலத்தில் ஒரு செய்தி வந்தது. நாடகக் குழு தெற்கே போகும் வழியில் ஆறு கடக்கையில் வண்டி கவிழ்ந்து, உடுப்புப் பெட்டியும் நாடகத் தாள்கள் இருந்த பெட்டியும் வெள்ளத்தோடு போய்விட்டன. ஆட்கள் பிழைத்தது கர்த்தர் கிருபை. போனவற்றில் ஓடக்காரன் விதவை நாடகமும் ஒன்று; நடிகர்களுக்கு அவரவர் பங்கில் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் ஞாபகம். சாம்பல் புதன் முதல் முற்றம் பூட்டிக் கிடக்கும், கர்த்தர் உயிர்த்தெழுந்த பாஸ்கு ஞாயிறன்றுதான் திறக்கும். அன்றைக்கு அந்த நாடகம் என்று சபை ஊர் முழுக்கச் சொல்லி வைத்திருந்தது. அதற்குப் பதில் வேறு எதையாவது போட்டால் முற்றத்து ஆண்கள் வெள்ளரிக்காய் எறிவார்கள். பிறகு யார் வருவார்கள்? பெண்கள் பகுதியில் பன்னிரண்டு கட்டிலை மூடவேண்டிவரும் என்று தோன் லெயாந்த்ரோ என்னிடமே சொன்னார்.

எங்கள் நாட்டில் கவிஞர் நாடகத்தை விற்றால் கையெழுத்துத் தாளையும் சேர்த்துக் கொடுத்துவிடுவார், தனக்கென்று பிரதி வைத்துக்கொள்ளமாட்டார். ஹெரோனிமோ சாமியிடம் போய்க் கேட்டார்கள். ஒரு விதவை இருந்தாள், கடல் இருந்தது, அவ்வளவுதான் ஞாபகம் என்றார். "எழுதி முடிச்சதும் மறந்துடுவேங்க. இல்லேன்னா அடுத்தது உள்ள வராது" என்று சிரித்தாராம். பிறகு அவரேதான் சொன்னாராம்: ஊரில் அதை மறக்காதவர் ஒருவர் இருக்கிறாரே, அவரைக் கேளுங்கள் என்று.

தோன் லெயாந்த்ரோ பட்டறைக்கே இறங்கிப் போனார். நாடகத்தை முழுசாகக் கொடுத்தால் முற்றத்து வாசல் இனி எப்போதும் திறந்திருக்கும் என்றார். மெல்ச்சோர் கம்பை அப்படியே மெழுகில் விட்டுவிட்டு நின்றாராம். அந்தத் திரியெல்லாம் வீணாகப் போயிற்று.

மறுநாள் வத்திக்கட்டோடு என்னிடம் வந்தார். சந்தோஷமாக இருப்பார் என்று பார்த்தால் முகம் வெளுத்திருந்தது. மூன்றாம் நாள் அவரைப் பாதியிலேயே தூக்கிப் போட்டதால் மூன்றாம் அங்கத்தை இரண்டு தடவைதான் கேட்டிருக்கிறார். அதில் ஓட்டைகள் இருந்தன. இரண்டு வருஷமாக அதைத் தன் வாய்க்கு வந்தபடி அடைத்து அடைத்து, எது சாமியுடையது எது தன்னுடையது என்று அவருக்கே தெரியவில்லை.

"சொன்னா வாசல் போயிடும், பிரிகிதாக்கா. சொல்லாட்டி யாருக்கும் தெரியப்போறதில்ல. எழுதினவருக்கே ஞாபகம் இல்லையே" என்றார்.

நான் பன்னிரண்டு கட்டிலை நினைத்தேன். கோடியில் இருமிக்கொண்டிருந்த பவுலாக் கிழவியைப் பார்த்தேன். "சொல்லாதீங்க" என்றேன். இத்தனை ஜெபம் சொன்ன வாயால் அப்படிச் சொன்னேன். அவர் வத்திகளை எண்ணி அடுக்கிவிட்டுப் போய்விட்டார்.

துணி மடிக்கும் என் அறையில்தான் நாடகம் சொன்னார். அங்கேதான் கணப்பு உண்டு. எழுத ஒரு குமாஸ்தா, நாற்காலியில் ஹெரோனிமோ சாமி, வாசலோரம் தோன் லெயாந்த்ரோ. நான் போர்வை கிழிசலைத் தைத்துக்கொண்டிருந்தேன். மெல்ச்சோர் கண்ணை மூடிக்கொண்டு ஆரம்பித்தார். முதல் நாள் முதல் அங்கம், இரண்டாம் நாள் இரண்டாம் அங்கம். என்ன சொல்வேன்? அந்தச் சின்ன அறைக்குள் கடல் வந்தது. ஈரத்துணி காய்கிற வாசம் எனக்குப் பாய்மர வாசமாக இருந்தது. சாமி தன் வார்த்தைகளையே யாரோ எழுதியதுபோல வாயைத் திறந்துகொண்டு கேட்டார். ஒரு இடத்தில், "இது நல்லாருக்கே, நானா எழுதினேன்?" என்று குமாஸ்தாவைக் கேட்டார்.

மூன்றாம் நாள் காலை. விதவை அல்ஜீரில் எஜமானன் வீட்டு வாசலில் வந்து நிற்கிறாள் என்பதுவரை சொன்னார். பிறகு கண்ணைத் திறந்துவிட்டார்.

தண்ணீர் வேண்டுமா என்று தோன் லெயாந்த்ரோ கேட்டார்.

"வேண்டாங்க. இதுவரைக்கும் சாமியோடது. இனிமே சொல்றதுல பாதி என்னோடது. ரெண்டு நாள்தான் கேட்டேன்" என்றார் மெல்ச்சோர். என் பக்கம் அவர் திரும்பவே இல்லை.

ஊசி என் விரலில் ஏறிவிட்டது. தோன் லெயாந்த்ரோ கெட்டவர் இல்லை. ஆனால் எழுதினதை எழுதினபடி செய்கிறவர். முழு நாடகம் என்றுதானே பேச்சு, பாதிக்கு வாசல் திறக்கச் சபை ஒத்துக்கொள்ளாதே என்றார். மெல்ச்சோர் தலையாட்டிவிட்டுத் தொப்பியை எடுத்தார்.

"உக்காருய்யா. உன்னோடதைச் சொல்லு, கேப்போம்" என்றார் ஹெரோனிமோ சாமி.

மெல்ச்சோர் நின்றபடியே சொன்னார். விதவை அந்த வீட்டு வாசலில் தினமும் ரொட்டி விற்கிறாள். மகன் தினமும் வந்து வாங்கித் தின்கிறான். யார் என்று அவள் சொல்வதில்லை. சொன்னால் அவன் இங்கே ஒரு நாளும் நிம்மதியாகத் தூங்கமாட்டான் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. அவ்வளவுதான். யாப்பு சரியில்லை என்று எனக்கே தெரிந்தது. சில வரி நொண்டியது. ஆனால் குமாஸ்தா எழுதுவதை நிறுத்திவிட்டான்.

"நான் கடைசியில ஒரு கல்யாணம் வெச்சிருப்பேனே. எப்பவும் வெப்பேன். எங்க அது?"

"மறந்துபோச்சு சாமி."

"மறந்துச்சா, பிடிக்கலியா?"

மெல்ச்சோர் தொப்பியைச் சுற்றிக்கொண்டே இருந்தார். "பிடிக்கல" என்றார்.

சாமி சிரித்த சிரிப்பில் கணப்புச் சாம்பல் பறந்தது. அந்தக் காலத்துக் கிரேக்க தேசத்தில் நாடகம் ராஜாவின் அழுகையோடு முடிந்தாலும் ஜனங்கள் கும்பிட்டுவிட்டு வீட்டுக்குப் போவார்களாம். அழுகையையும் சிரிப்பையும் ஒரே மேடையில் கலக்காதே, கதை முழுவதும் ஒரே நாளில் நடக்கட்டும் என்று படித்தவர்கள் இன்னும் அவருக்குக் கடிதம் எழுதுகிறார்களாம். "நம்ம முற்றத்துல நிக்கிறவன் படிச்சவன் இல்ல. செருப்புத் தைக்கிறவன். அவனுக்குக் கல்யாணம் வேணும். இல்லாட்டி வெள்ளரிக்காதான். அவனுக்காகத்தான் நான் இருநூறு கல்யாணம் பண்ணிவெச்சேன்" என்றார். கணப்பில் ஒரு கட்டையைத் தள்ளிவிட்டார். பிறகு தாளைக் குமாஸ்தாவிடமிருந்து வாங்கி, மூன்றாம் அங்கத்தைத் தானே புதிதாக எழுதித் தருவதாகச் சொன்னார்.

வாசல் விஷயம் மட்டும் முடியாமல் நின்றது. தோன் லெயாந்த்ரோ தாடியைத் தடவினார். அப்போது சாமிதான் ஒரு வழி சொன்னார்: ஒவ்வொரு நாடகத்துக்கும் முதல் நாள் மட்டும் மெல்ச்சோர் வரட்டும். ஒரு தடவை கேட்டதை யாரால் அள்ளிக்கொண்டு போக முடியும்? நடிகர்களுக்கும் பயம் இருக்காது.

கேட்டவுடனே எல்லோரும் இது நல்ல முடிவு என்று நினைத்தார்கள். நான் மெல்ச்சோரின் முகத்தைப் பார்த்தேன். மூன்றாம் நாள்தான் அவருக்கு நாடகம் கையில் வருவது. முதல் நாள் என்பது அவருக்கு, ஆற்றில் போகிற படகைக் கரையில் நின்று பார்ப்பதுபோல. அதை அவர் யாரிடமும் சொல்லவில்லை. தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு, "லாயத்துச் சுவரோரம் நிக்கலாமா?" என்று மட்டும் கேட்டார். அதுவும் கூடாது என்றார் தோன் லெயாந்த்ரோ. சரி என்று தலையாட்டினார்.

பாஸ்கு ஞாயிறன்று முற்றம் திறந்தது. சாமி ஐந்தே நாளில் எழுதி முடித்திருந்தார். கடைசியில் கல்யாணம் இருந்தது. ஆனால் அது வீட்டுக்குள்ளே, எஜமானன் மகளுக்கு. நாங்கள் மத்தளத்தை மட்டும் கேட்டோம். மேடையில் விதவை வெளியே ரொட்டிக்கூடையோடு உட்கார்ந்திருந்தாள். மகன் கல்யாண வேலை அவசரத்தில் வந்து ஒரு ரொட்டியை எடுத்துக் கடித்துக்கொண்டே உள்ளே ஓடினான். அவள் கூடையை மூடினாள். முடிந்தது. முற்றத்தில் வெள்ளரிக்காய் கொண்டுவந்தவர்கள் அதைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்கள். பிறகு ஆரம்பித்த கைதட்டல், பந்தல் துணியைத் தூக்கிவிடும்போல இருந்தது.

நான் மேலிருந்து தேடினேன். மெல்ச்சோர் தூணோரம், தன் சொந்தச் சட்டையில், கூட்டத்தில் ஒருவராக நின்றார். அவர் உதடு அசையவில்லை.

பன்னிரண்டு கட்டிலும் தப்பின. அடுத்த நாள் அவர் வத்தி கொண்டுவந்தபோது, அன்றைக்குச் சொல்லாதீங்க என்றதற்கு நான் மன்னிப்புக் கேட்டேன். எதற்கு என்பதுபோலப் பார்த்தார். அதற்குள் பவுலாக் கிழவி கட்டிலில் இருந்தே கூப்பிட்டாள். நேற்று நாடகத்தில் என்ன நடந்தது என்று கேட்டாள். நோயாளிகள் எங்கே போய்ப் பார்ப்பார்கள்? மெல்ச்சோர் தயங்கினார். ஒரு தடவைதான் கேட்டேன், சரியாக வராது என்றார். வந்தவரைக்கும் சொல்லு என்றாள் அவள்.

அப்படி ஆரம்பித்ததுதான். அதற்குப் பிறகு பதினொரு வருஷம் அவர் முதல் நாள் முற்றத்துக்கும், மறுநாள் எங்கள் பெண்கள் பகுதிக்கும் வந்தார். வந்து கட்டில்களுக்கு நடுவில் முக்காலியைப் போட்டுக்கொண்டு, பாதி கேட்டதையும் பாதி தனக்குத் தோன்றியதையும் சொல்வார். ஜன்னல் வழியாக வெயில் வந்து போர்வைகள்மேல் விழும். காய்ச்சலில் இருப்பவர்களுக்கு அது கனவா கதையா என்று தெரியாது. சிலர் நடுவில் தூங்கிவிட்டு, எழுந்து, வேறு நாட்டில் இருப்பார்கள். குழுவோ கவிஞரோ யாரும் அவரைத் தடுக்கவில்லை. அதில் திருடுவதற்கு என்ன இருந்தது?

ஒரு நாள் பவுலாக் கிழவி அவரை மடக்கினாள். "ஏம்ப்பா, போன வாரம் இந்தக் கதையில அந்தப் பொண்ணு கிணத்துல விழுந்து செத்தாள்ல? இன்னிக்கு உசுரோட வந்து நிக்கிறாளே."

"இன்னிக்கு அவ சாகலம்மா" என்றார் மெல்ச்சோர்.

"அப்ப என்னாச்சு?"

அவர் கூரையைப் பார்த்து யோசித்தார். அடுத்த கட்டிலில் படுத்திருந்தவளும் தலையணையை முதுகுக்கு வைத்துக்கொண்டு எழுந்து உட்கார்ந்தாள்.